கண் சாட்சி, மூளை நீதிபதி

(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



எழும்பூரிலோ தாம்பரத்திலோ ரயிலில் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்திருக்கிறீர்கள். பக்கத்துத் தண்டவாளத்தில் இன்னொரு வண்டி நிற்கிறது. திடீரென்று நம்ம வண்டி மெதுவாகக் கிளம்புகிறது. "அப்பாடா, கிளம்பிடுச்சு" என்று நிமிர்ந்து உட்காருகிறோம். பக்கத்து வண்டியின் கடைசிப் பெட்டி கடந்ததும் பார்த்தால், டீக்கடையும் தூணும் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. கிளம்பினது அந்த வண்டி. நாம் ஒரு அங்குலம்கூட நகரவில்லை.

இதில் கண் என்ன தப்பு செய்தது? ஒன்றும் இல்லை. ஜன்னல் முழுக்க ஏதோ ஒன்று பின்னால் போனது. அதை அப்படியே சொன்னது. தீர்ப்பு எழுதியது மூளை. "கண் முன்னால் இருப்பதெல்லாம் ஒரே பக்கமாக நகர்ந்தால் நகர்வது நான்தான்" என்பது அதன் சட்டம். நடக்கும்போதும் ஓடும்போதும் சைக்கிளில் போகும்போதும் அந்தச் சட்டம் செல்லும். ரயில் வந்து இருநூறு வருஷம் சொச்சம்தான் ஆகிறது. மூளையின் சிலபஸில் அது இன்னும் சேரவில்லை.

இதைத்தான் மாயத் தோற்றம் என்கிறோம். கானல் நீர் இந்த வகையில் சேராது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சூடான தார்ச்சாலைக்கு மேலே காற்றின் அடர்த்தி மாறி ஒளி வளைகிறது. அங்கே வானத்தின் பிம்பம் நிஜமாகவே இருக்கிறது. கேமராவில் எடுத்தாலும் விழும். அது பிசிக்ஸ் டிபார்ட்மென்ட் சமாச்சாரம். நான் பேசப்போவது கேமராவில் விழாத மாயங்களைப் பற்றி.

நம் கண்ணை எல்லோரும் கேமரா என்று சொல்லிக்கொடுத்தார்கள். பாதி உண்மை. லென்ஸ் இருக்கிறது, பின்னால் திரை இருக்கிறது. ஆனால் விழித்திரையில் ஒளியை உணரும் செல்கள் சுமார் 12 கோடிக்கு மேல். அங்கிருந்து மூளைக்குப் போகும் பார்வை நரம்பில் இருக்கும் இழைகளோ சுமார் 10 லட்சம். அதாவது நூறு பேர் சொல்வதை ஒருவர் சுருக்கித் தந்தியடிக்கிற மாதிரி. கூர்மையாகப் பார்ப்பது விழித்திரையின் நடுவில் இருக்கும் சின்னக் குழி மட்டும்தான். கையை நீட்டிக் கட்டைவிரல் நகத்தைப் பாருங்கள். ஒரு நேரத்தில் தெளிவாகத் தெரியும் பரப்பு ஏறக்குறைய அவ்வளவுதான். மற்றதெல்லாம் மங்கல். அந்தச் சின்ன வட்டத்தை நொடிக்கு மூன்று தடவை அங்கும் இங்கும் வீசி, கிடைத்த துண்டுகளை ஒட்டி, "முழு ஹாலும் பளிச்சென்று தெரிகிறது" என்று மூளை நம்மை நம்ப வைக்கிறது.

நம்பாதவர்கள் ஒரு பேப்பர் எடுங்கள். இடது பக்கம் ஒரு பெருக்கல் குறி போடுங்கள். அதற்கு வலது பக்கம் 8 சென்டிமீட்டர் தள்ளி, மிளகு அளவுக்குக் கறுப்பாக ஒரு புள்ளி. இடது கண்ணை மூடிக்கொண்டு, வலது கண்ணால் பெருக்கல் குறியை மட்டும் பாருங்கள். பேப்பரை மெதுவாக முன்னும் பின்னும் நகர்த்தினால் ஏறக்குறைய ஓர் அடி தூரத்தில் புள்ளி காணாமல் போகும். பார்வை நரம்பு விழித்திரையைத் துளைத்துக்கொண்டு வெளியே போகிற இடம் அது. அங்கே ஒளியை உணரும் செல் கிடையாது. புள்ளி மறைந்ததில் ஆச்சரியமில்லை. அந்த இடத்தில் என்ன தெரிகிறது என்று கவனியுங்கள். ஓட்டை தெரியவில்லை, இருட்டும் தெரியவில்லை. வெள்ளைப் பேப்பர் தெரிகிறது! சுற்றி இருக்கிற நிறத்தை எடுத்து மூளை அங்கே வெள்ளையடித்துவிட்டது. நம்மிடம் அனுமதி கேட்கவும் இல்லை, பில் அனுப்பவும் இல்லை.

ஜெர்மானிய விஞ்ஞானி ஹெல்ம்ஹோல்ட்ஸ் 19-ஆம் நூற்றாண்டிலேயே இதற்கு ஒரு பெயர் வைத்தார்: நாம் அறியாமலே நமக்குள் நடக்கும் அனுமானம். கண் கொண்டுவருவது அரைகுறைச் சாட்சியம். மூளை தன் பழைய அனுபவத்தை வைத்துத் தீர்ப்பைப் பூர்த்தி செய்கிறது.

அந்த அனுமானம் எவ்வளவு பிடிவாதமானது என்பதற்கு எனக்குத் தெரிந்து மிகச் சிறந்த உதாரணம், எட்வர்ட் ஆடெல்சன் 1995-ல் வரைந்த சதுரங்கப் பலகைப் படம். அவர் எம்.ஐ.டி. பேராசிரியர். (குரோம்பேட்டை இல்லை, அமெரிக்காவில் இருப்பது.) கட்டம் போட்ட பலகை மேல் ஒரு உருளை நிற்கிறது, அதன் நிழல் பலகையில் விழுகிறது. நிழலுக்கு வெளியே ஒரு கறுப்புக் கட்டம், நிழலுக்குள்ளே ஒரு வெள்ளைக் கட்டம். இரண்டும் அச்சில் ஒரே சாம்பல் நிறம், துளிகூட வித்தியாசம் இல்லை. யாரும் நம்ப மாட்டார்கள். ஒரு அட்டையில் இரண்டு ஓட்டை போட்டு மற்றதை மறைத்தால், அட, ஒரே நிறம். அட்டையை எடுத்தால் மறுபடியும் ஒன்று கறுப்பு, ஒன்று வெளுப்பு. நூறு தடவை செய்தாலும் அப்படித்தான்.

மூளை ஏன் இப்படிச் செய்கிறது? வெயிலில் கிடக்கிற அடுப்புக்கரியைப் பாருங்கள், திண்ணை நிழலில் இருக்கிற செய்தித்தாளையும் பாருங்கள். கண்ணுக்கு வருகிற ஒளியை மீட்டர் வைத்து அளந்தால் கரியிலிருந்து வருவதுதான் அதிகமாக இருக்கும். ஆனாலும் யாராவது கரியை வெள்ளை என்று சொன்னதுண்டா? நிழலைக் கழித்துவிட்டு, பொருளின் சொந்த நிறத்தை மூளை கண்டுபிடித்துத் தருகிறது. அது இல்லாவிட்டால் மாலை ஆக ஆக நம் வெள்ளைச் சட்டை கறுத்துக்கொண்டே போகும். ஆடெல்சன் படத்தில் மூளை தோற்கவில்லை. தன் வேலையை ஒழுங்காகச் செய்கிறது. பேப்பரில் இருப்பது நிஜ நிழல் இல்லை, அச்சு மை என்பது ஒன்றுதான் அதற்குத் தெரியாது. 2015 பிப்ரவரியில் உலகம் முழுக்க ஒரு கவுன் படத்துக்காகச் சண்டை போட்டதே, நீலமும் கறுப்புமா, வெள்ளையும் தங்கமுமா என்று, அதுவும் இந்தக் கணக்குதான். வெளிச்சத்தில் எடுத்த படம் என்று நினைத்தவர்களுக்கு ஒரு நிறம், நிழலில் எடுத்தது என்று நினைத்தவர்களுக்கு வேறு நிறம். நிஜக் கவுன் நீலமும் கறுப்பும்.

இன்னொரு வகையும் உண்டு. அதற்கு வெளிநாட்டுப் படம் தேவையில்லை. கும்பகோணம் பக்கத்தில் தாராசுரம் கோயிலில் ஒரு சிற்பம் இருக்கிறது. உடல் இரண்டு, தலை ஒன்று. ஒரு பக்க உடலோடு சேர்த்துப் பார்த்தால் யானை, மறுபக்கம் சேர்த்துப் பார்த்தால் காளை. 12-ஆம் நூற்றாண்டு வேலை. ஒரே நேரத்தில் இரண்டையும் பார்க்க முடியாது. மூளை ஏதாவது ஒரு தீர்ப்பைத்தான் கையெழுத்துப் போடும். ஐரோப்பாவில் வாத்தும் முயலுமாக மாறும் ஒரு படம் 1892-ல் பத்திரிகையில் வந்து புகழ்பெற்றது. நம்ம ஊர்ச் சிற்பி எழுநூறு வருஷம் முந்திக்கொண்டார்.

இந்த அனுமானங்கள் பிறவியிலேயே வருகின்றனவா, பழக்கத்தில் வருகின்றனவா? இதில் நம்ம நீலகிரிக்கும் ஒரு பங்கு உண்டு. சம நீளமுள்ள இரண்டு கோடுகள். ஒன்றின் இரு முனைகளிலும் அம்புத்தலை உள்நோக்கி மடங்கியிருக்கும், மற்றதில் வெளிநோக்கி விரிந்திருக்கும். விரிந்தது நீளமாகத் தெரியும். 1889-ல் முல்லர்-லையர் என்பவர் வெளியிட்டது. ரிவர்ஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர் 1901, 1902-ல் நீலகிரிக்கு வந்து தோடர்களிடம் தங்கி ஆராய்ச்சி செய்தபோது இந்தக் கோடுகளையும் காட்டி அளந்தார். படிப்பறிவில்லாதவர்கள் அதிகமாக ஏமாறுவார்கள் என்பது அந்தக் காலத்துத் துரைமார் நினைப்பு. கிடைத்த முடிவு: இந்தக் கோட்டு மாயத்தில் ஆங்கிலேயர்களைவிடத் தோடர்கள் குறைவாகவே ஏமாந்தார்கள்! ஆனால் செங்குத்துக் கோடு படுக்கைக் கோட்டைவிட நீளமாகத் தெரியும் மாயத்தில் அவர்கள் அதிகம் ஏமாந்தார்கள். ஆக, ஒரு மாயத்தில் ஏமாறாதவன் எல்லாவற்றிலும் கெட்டிக்காரன் என்று சொல்ல முடியாது.

பிறகு 1966-ல் செகால், கேம்பல், ஹெர்ஸ்கோவிட்ஸ் என்ற மூன்று அமெரிக்கர்கள், பல நாட்டு மக்களிடம் அளந்து ஒரு விளக்கம் சொன்னார்கள். சதுர அறை, செங்கோண மூலை, மேஜை, பெட்டி என்று தச்சன் இழைத்த உலகத்தில் வளர்ந்தவர்களுக்கு அந்த அம்புத்தலைகள் சுவர் மூலைகளைப் போலத் தெரிகின்றன. அதனால் தூரத்தைக் கணக்கில் சேர்த்து ஏமாறுகிறார்கள். அழகான விளக்கம், பாடப்புத்தகங்களில் ஏறிவிட்டது.

2015-ல் அதன் மேல் ஒரு கல் விழுந்தது. எம்.ஐ.டி.யில் இருக்கும் பவன் சின்ஹா, டெல்லி மருத்துவர்களோடு சேர்ந்து, பிறவியிலேயே கண்புரையால் பார்வையில்லாமல் இருந்த நம் நாட்டுக் குழந்தைகளுக்குச் சிகிச்சை ஏற்பாடு செய்துவருகிறவர். பார்வை கிடைத்தவுடனே ஒன்பது பேருக்கு இந்தக் கோடுகளைக் காட்டினார்கள். வயது எட்டிலிருந்து பதினாறு. சுவர் மூலையைக் கண்ணால் பார்த்தே பழகாத பிள்ளைகள். அவர்களும் நம்மைப் போலவே ஏமாந்தார்கள். அப்படியானால் பழக்கம் எங்கே போயிற்று? அடிப்படை பிறவியிலேயே இருக்கிறது, எவ்வளவு ஏமாறுவோம் என்பதைத்தான் வளர்ந்த சூழல் கூட்டிக் குறைக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. வழக்கு இன்னும் நிலுவையில்தான் இருக்கிறது. அந்தக் குழந்தைகளுக்குப் பார்வை வந்தது என்பது எந்தத் தீர்ப்பைவிடவும் பெரிய விஷயம்.

சரி, இதெல்லாம் ஞாயிறு மலர்ச் சமாச்சாரம், இன்ஜினியரிங் காலேஜில் எதற்கு என்று சில முகங்கள் கேட்கின்றன. சொல்கிறேன்.

1965, 66-ல் போயிங் 727 விமானங்கள் இரவு நேரத்தில் தரையிறங்க வரும்போது அடுத்தடுத்து விபத்துக்குள்ளாயின. ஓடுபாதைக்கு முன்னாலேயே நீரிலோ தரையிலோ மோதின. போயிங் கம்பெனியில் கான்ராட் கிராஃப்ட் என்ற உளவியலாளர் ஒரு சிமுலேட்டர் தயார் செய்தார். முன்னால் இருட்டு, தூரத்தில் சரிவில் ஒரு நகரத்தின் விளக்குகள். அனுபவம் மிக்க விமானிகளை, உயரம் காட்டும் மீட்டரைப் பார்க்காமல் கண்ணால் மட்டும் பார்த்து இறங்கச் சொன்னார். பெரும்பாலோர் போதுமான உயரத்தில் இருப்பதாக நினைத்துக்கொண்டே கீழே கீழே போனார்கள்.

காரணம், நாம் பள்ளிக்கூடத்தில் படித்த தேற்றம்! ஒரே வட்டத்துண்டில் அமையும் கோணங்கள் சமம். பகலில் தரை, மரம், வீடு எல்லாம் தெரியும், உயரம் தெரியும். இருட்டில் அந்த விளக்குக் கூட்டம் கண்ணில் அமைக்கிற கோணம் ஒன்றுதான் ஆதாரம். கோணம் மாறாமல் இருந்தால் பாதை சரியாக இருப்பதாக மூளை எடுத்துக்கொள்கிறது. கோணம் மாறாத பாதை நேர்கோடு இல்லையே, வட்டத்தின் வில்லாச்சே! அந்த வில் தரையை உரசிக்கொண்டு போகிறது. விமானி தூங்கவில்லை, குடிக்கவில்லை. அவர் மூளை அழகாக ஜியோமெட்ரி போட்டு அவரைத் தரையில் கொண்டுபோய் விடுகிறது.

இதற்கு என்ன செய்வது? "எச்சரிக்கை, மாயத் தோற்றம்" என்று போர்டு வைத்தால் ஆகாது. ஆடெல்சன் படத்தில் பார்த்தோமே, தெரிந்த பிறகும் மாயம் போவதில்லை. அதனால் ஓடுபாதை ஓரத்தில் நான்கு விளக்குகளை வரிசையாக வைத்தார்கள். பாப்பி என்று பெயர். ஒவ்வொரு விளக்கும் ஒரு குறிப்பிட்ட கோணத்துக்கு மேலிருந்து பார்த்தால் வெள்ளை, கீழிருந்து பார்த்தால் சிவப்பு. இரண்டு வெள்ளை இரண்டு சிவப்பு தெரிந்தால் பாதை சரி. நாலும் வெள்ளை என்றால் அதிக உயரம். நாலும் சிவப்பு என்றால் சாமி, மேலே ஏறு! உயரத்தை மதிப்பிடுகிற வேலையை மூளையிடமிருந்து வாங்கி, நிறம் பார்க்கிற சுலபமான வேலையைக் கொடுத்துவிட்டார்கள். இதுதான் எனக்குத் தெரிந்து நல்ல இன்ஜினியரிங்.

நம்ம எலக்ட்ரிகல் லேபில் பழைய அம்மீட்டர்களில் முள்ளுக்குப் பின்னால் ஒரு கண்ணாடிப் பட்டை இருக்குமே, ஞாபகம் இருக்கிறதா? முள்ளும் அதன் பிம்பமும் ஒன்றாகத் தெரியும்படி தலையை வைத்தால்தான் ரீடிங் சரி. அங்கே நடப்பது மூளையின் மாயம் இல்லை, கண்ணை வைக்கும் இடத்தால் வரும் பிழை. ஆனாலும் அதே தர்மம்தான். "நேராகப் பார்" என்று பையனைத் திட்டுவதைவிட ஒரு கண்ணாடியை ஒட்டுவது மேல்.

விமானம் நமக்குத் தூரம். கேட்டுக்கு வெளியே வருவோம். பாதையைக் கடக்க நிற்கிறவன், வருகிற வண்டியின் வேகத்தை எப்படிக் கணக்கிடுகிறான்? பக்கவாட்டில் போகிற வண்டி என்றால் கண் சுலபமாக அளந்துவிடும். நேராக நம்மை நோக்கி வருவது நகர்வதில்லை, பெரிதாகத்தான் ஆகிறது. ஒரு ரயிலை எடுத்துக்கொள்ளுங்கள். அகலம் சுமார் 3 மீட்டர், வேகம் மணிக்கு 100 கிலோமீட்டர். ஒரு கிலோமீட்டர் தூரத்தில் அது கண்ணில் அமைக்கும் கோணம் 0.17 டிகிரி. பதினெட்டு நொடி கழித்து 500 மீட்டரில் வந்துவிட்டது, கோணம் 0.34. கண்ணுக்கு இது வளர்ச்சியாகவே தெரியாது. 100 மீட்டரில் வரும்போதும் 1.7 டிகிரிதான், நீட்டிய கட்டைவிரலுக்குப் பின்னால் மறைந்துவிடும். அப்போது மிச்சம் இருப்பது மூன்றரை நொடி. வளர்ச்சியெல்லாம் கடைசி மூன்று நொடியில் ஒரே பாய்ச்சலாக வருகிறது.

இதோடு இன்னொரு கேடும் உண்டு. பெரிய பொருள் மெதுவாக வருவதாகத் தோன்றும். ரயில்வே கிராஸிங் விபத்துகளுக்கு இது ஒரு காரணமாக இருக்கலாம் என்று லைபோவிட்ஸ் என்ற அமெரிக்க உளவியலாளர் 1985-ல் எழுதினார். பிறகு நடந்த சோதனைகளும் அதை ஆதரித்தன. நம் ரயில்வே 2019 ஜனவரிக்குள் அகலப்பாதையில் ஆளில்லா கேட்டுகள் எல்லாவற்றையும் ஒழித்தது. என் கணக்கில் அது பாலங்கள் கட்டியதற்குச் சமமான சாதனை.

சாலையில் பிரச்சினை வேறு மாதிரி. பைக் குறுகலானது, கோணமும் சின்னது, அதனால் அது தூரத்தில் இருப்பதாகத் தோன்றும். காருக்கு முன்னால் போகத் தயங்குகிறவர் பைக்குக்கு முன்னால் குறுக்கே திரும்பிவிடுவார். "பார்த்தேன் சார், தூரத்தில்தான் இருந்தான்" என்று அவர் சொல்வது பொய் இல்லை. 2017 ஏப்ரலிலிருந்து புது இருசக்கர வண்டிகளில் ஹெட்லைட் தானாகவே எரிய வேண்டும் என்று சட்டம் வந்தது. பகலில் எதிரே வருகிறவர் "தம்பி, லைட் எரியுது" என்று கையைக் குவித்துக் காட்டுவார். எரியட்டும் அண்ணே, அதற்குத்தான்.

சாலையில் மாயத்தை நல்லதுக்கும் பயன்படுத்தலாம். அமெரிக்காவில் சிகாகோ நகரில் ஏரிக்கரைச் சாலையின் ஒரு ஆபத்தான வளைவில் 2006-ல் குறுக்குக் கோடுகள் போட்டார்கள். வளைவை நெருங்க நெருங்கக் கோடுகளின் இடைவெளி குறையும். ஓட்டுகிறவருக்கு வேகம் கூடுவதாகத் தோன்றி, கால் தானாக பிரேக்குக்குப் போகும். 2016-ல் அகமதாபாத்தில் கட்டைகள் அந்தரத்தில் நிற்பது போல முப்பரிமாண வரிக்குதிரைக் கோடுகள் வரைந்தார்கள். பத்திரிகைகள் பாராட்டின. எனக்கு அதில் அவ்வளவு சம்மதம் இல்லை. முதல் நாள் திடுக்கிட்டு பிரேக் போடுவான், பின்னால் வருகிறவன் இடிப்பான். பத்தாவது நாள் பெயிண்ட்தானே என்று ஏற்றிக்கொண்டு போவான். அப்புறம் நிஜமாகவே சாலையில் ஒரு கல் கிடந்தால்?

இப்போது நம்ம கேட். நேராக ஹைவேயில் திறக்கிறது. சாயங்காலம் ஐந்து மணிக்கு முந்நூறு பைக் அந்த இடைவெளியில் குறுக்கே போகிறது. எல்லாரும் கண்ணால்தான் தூரம் பார்க்கிறார்கள். பஸ் மெதுவாக வருவதாகத் தெரியும், பைக் தூரத்தில் இருப்பதாகத் தெரியும். இரண்டும் எதனால் என்று இப்போது உங்களுக்குத் தெரியும். தெரிந்தும் நாளைக்கு அப்படியேதான் தெரியும்.

கணக்கு இதுதான். நின்ற வண்டியைக் கிளப்பிச் சாலையைக் கடந்து மறுபக்கம் சேர ஆறு நொடி என்று வைப்போம். கையிருப்பாக மூன்று நொடி. மொத்தம் ஒன்பது. மணிக்கு 100 கிலோமீட்டரில் வருகிற வண்டி ஒன்பது நொடியில் 250 மீட்டர் ஓடும். ஆகவே கேட்டிலிருந்து இரு பக்கமும் 250 மீட்டரில் ஒவ்வொரு கம்பம், மஞ்சளும் கறுப்புமாக, இரவில் மின்னும் ஸ்டிக்கரோடு. கம்பத்துக்கும் கேட்டுக்கும் நடுவில் ஏதாவது வண்டி இருந்தால் யாரும் கிளம்பக் கூடாது, வண்டி சின்னதோ பெரிதோ. கம்பத்தைத் தாண்டிவிட்டதா இல்லையா என்று மட்டும் பார்த்தால் போதும். வேகத்தை யாரும் மதிப்பிட வேண்டாம். விமானத்துக்கு நாலு விளக்கு, நமக்கு இரண்டு கம்பம்.

ஆறு நொடி என்பது என் உத்தேசம். மூன்றாம் வருஷ சிவில் தம்பி தங்கைகள் ஒரு வாரம் கேட்டில் உட்கார்ந்து, ஸ்டாப்வாட்ச் வைத்து நிஜக் கணக்கை எடுத்துக்கொடுங்கள். அதற்கேற்பக் கம்பத்தின் தூரம் கூடலாம், குறையலாம். நெடுஞ்சாலைத் துறைக்கு முதல்வர் அய்யா ஒரு கடிதம் எழுதித் தர வேண்டும். கம்பம், பெயிண்ட், ஸ்டிக்கர் செலவு எங்கள் பேட்ச் ஏற்றுக்கொள்கிறது. ரசீதை மட்டும் செயலாளர் அண்ணன் போடட்டும்.